ஆயுள் என்றால் எத்தனை ஆண்டு?

ஆள்கடத்தல் வழக்கு என்றதும் பலருக்கும் நினைவுக்கு வருவது தொலைபேசி மிரட்டல், பணப்பை, காவல்துறையின் வேட்டை ஆகியவைதான். குற்றவாளி பிடிபட்டுத் தண்டனையும் அறிவிக்கப்பட்டுவிட்டால் செய்தி முதல் பக்கத்திலிருந்து இறங்கிவிடும். மேல்முறையீடு என்ன ஆனது என்று தேடிப் படிப்பவர்கள் குறைவு. ஆனால் சிங்கப்பூரின் குற்றவியல் சட்டத்தில் இரண்டு பெரிய கேள்விகளுக்குப் பதில் கிடைத்தது ஆள்கடத்தல் மேல்முறையீடுகளில்தான். ஒருவரை எப்போது தூக்கிலிடலாம் என்பது ஒன்று. ஆயுள் தண்டனை என்றால் எத்தனை ஆண்டு என்பது மற்றொன்று.

முதலில் சட்டம் எப்படி வந்தது என்பதைப் பார்க்கலாம். 1950களின் பிற்பகுதியில் சிங்கப்பூரில் செல்வந்தர்களைக் கடத்திப் பணம் பறிப்பது ஒரு தொழில் போலவே ஆகிவிட்டிருந்தது. வணிகர்களும் அவர்களுடைய பிள்ளைகளும் குறிவைக்கப்பட்டார்கள். பல குடும்பங்கள் காவல்துறையிடம் வாயே திறக்காமல் பணத்தைக் கொடுத்து ஆளை மீட்டுக்கொண்டன. இதை உடைக்கவே 1961இல் தனி ஆள்கடத்தல் சட்டம் வந்தது. மலாயாவிலும் அதே ஆண்டில் அதே பெயரில் ஒரு சட்டம் இயற்றப்பட்டது. கடத்துபவருக்குத் தண்டனை கொடுப்பதோடு இந்தச் சட்டங்கள் நிற்கவில்லை. பிணைப்பணத்துக்குப் பேரம் பேசுவதையே குற்றமாக்கின. வங்கிக் கணக்கை முடக்கவும் வழி செய்தன. அதாவது மகனை மீட்கத் துடிக்கும் தந்தையின் கையையும் சட்டம் கட்டியது. கடுமைதான். பணம் கைமாறும் வரை இந்தத் தொழில் நிற்காது என்ற கணக்கு அதன் பின்னால் இருந்தது.

சிங்கப்பூர்ச் சட்டத்தின் மூன்றாம் பிரிவு இன்றும் மாறவில்லை. பிணைப்பணத்துக்காகப் பிடித்துவைக்கும் நோக்கத்தோடு ஒருவரைக் கடத்தினாலோ அடைத்துவைத்தாலோ தூக்குத் தண்டனை. தூக்கு இல்லையென்றால் ஆயுள் தண்டனை, அதோடு பிரம்படியும் உண்டு. இடையில் வேறெதுவும் கிடையாது. பத்து ஆண்டு, பதினைந்து ஆண்டு என்று இறங்கி வர நீதிபதிக்குப் படிகளே இல்லை. கடத்தப்பட்டவர் ஒரு மணி நேரத்தில் கீறல் இல்லாமல் வீடு திரும்பியிருந்தாலும் ஆகக் குறைந்த தண்டனை ஆயுள்தான்.

மேல்முறையீட்டு நீதிமன்றத்தின் வேலை என்ன என்பதில் பொதுமக்களிடையே ஒரு குழப்பம் இருக்கிறது. வழக்கை அங்கே முதலிலிருந்து நடத்துவார்கள் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படியல்ல. சாட்சிகள் மீண்டும் கூண்டில் ஏறுவதில்லை. கீழே நடந்ததன் எழுத்துப் பதிவுதான் நீதிபதிகள் முன்னால் இருக்கும். சாட்சியின் முகத்தைப் பார்த்தவர், குரல் தடுமாறியதைக் கேட்டவர் விசாரணை நீதிபதி. ஆகவே யாரை நம்புவது என்பதில் மேல் நீதிமன்றம் இலேசில் கை வைக்காது. பதிவில் இருக்கும் சான்றுக்கே முரணாக முடிவு இருந்தால் மட்டுமே அதை மாற்றும். தண்டனையிலும் ஏறத்தாழ அதே அணுகுமுறைதான். விசாரணை நீதிபதி உண்மைகளைத் தவறாகப் புரிந்துகொண்டாரா, சட்டக் கொள்கையில் பிழை செய்தாரா, தண்டனை வெளிப்படையாகவே மிக அதிகமா அல்லது மிகக் குறைவா என்றுதான் கேட்கும். 'நான் அந்த இடத்தில் இருந்திருந்தால் கொஞ்சம் குறைத்திருப்பேன்' என்பது காரணமாகாது.

படிகளே இல்லாத ஆள்கடத்தல் வழக்கில் இந்தக் கேள்விகள் கூர்மையாகிவிடுகின்றன. 'மிக அதிகம்' என்று மேல் நீதிமன்றம் சொன்னால் அதன் பொருள் ஓர் உயிர் தப்பியது என்பது.

1974இல் அதுதான் நடந்தது. சியா ஆ கியூ என்பவரும் அவருடைய கூட்டாளிகளும் ஒருவரைப் பிணைப்பணத்துக்காகக் கடத்திய குற்றத்துக்கு உயர் நீதிமன்றம் தூக்குத் தண்டனை விதித்திருந்தது. ஜூரி முறை ஒழிக்கப்பட்டு, மரண தண்டனை வழக்குகளை இரண்டு நீதிபதிகள் சேர்ந்து விசாரித்துவந்த காலம் அது. வழக்கு அன்றைய குற்றவியல் மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்குப் போனது. சட்டமன்றம் இரண்டு தண்டனைகளை வைத்திருக்கிறது, எதைத் தேர்வது என்பதை நீதிபதியிடம் விட்டிருக்கிறது, அப்படியானால் உச்சத் தண்டனை எல்லா வழக்குக்கும் உரியதல்ல என்பது அந்த நீதிமன்றத்தின் நிலை. கடத்திய விதமோ, கடத்தியவர்களின் செயலோ நடத்தையோ சமூகத்தின் உணர்வுகளைக் கொந்தளிக்கச் செய்யும்படி இருந்தால்தான் தூக்கு பொருந்தும் என்று அது ஓர் அளவுகோலை வகுத்தது. இந்த வழக்கில் அப்படி எதுவும் இல்லை என்று கண்டது. தூக்கு நீங்கியது, ஆயுள் தண்டனை வந்தது.

சமூகத்தின் உணர்வு என்று சொல்லிவிட்டார்கள். அதை அளப்பது யார்? நீதிபதிகள் யாரும் காப்பிக் கடையில் உட்கார்ந்து கருத்துக் கேட்பதில்லை. நாளிதழின் வாசகர் கடிதங்களைக் கணக்கில் எடுப்பதுமில்லை. செயலின் கொடுமையை வைத்து, அதைக் கேள்விப்படும் நியாயமான மனிதர் என்ன உணர்வார் என்று அவர்களே தீர்மானிக்கிறார்கள். இது ஒரு பலவீனம்தான். ஆனால் அந்த வாசகம் வந்த பிறகு, 'இந்தக் குற்றத்தைத் தடுக்க வேண்டும், ஆகவே தூக்கு' என்ற ஒரே வாதம் போதாமல் போனது. அரசுத் தரப்பு குறிப்பாகக் காட்ட வேண்டியிருந்தது: இவர் என்ன செய்தார், எப்படிச் செய்தார், அதில் என்ன கொடுமை.

அடுத்து வந்த ஆள்கடத்தல் வழக்குகள் இந்த வழியில்தான் நடந்தன. பலருக்கும் நினைவிருக்கக்கூடிய ஒன்று 2014 ஜனவரியில் நடந்தது. பேரங்காடி நிறுவனம் ஒன்றின் தலைவருடைய 79 வயதுத் தாயாரை ஒருவர் காரில் கடத்தினார். இரண்டு மில்லியன் வெள்ளி கைமாறியது. மூதாட்டி அன்றிரவே விடுவிக்கப்பட்டார். கடத்தியவரும் விரைவிலேயே பிடிபட்டார். விசாரணையில் அவர் முன்வைத்த வாதம் வித்தியாசமானது: பணம் கிடைத்தாலும் கிடைக்காவிட்டாலும் அன்றைக்குள் அவரை விட்டுவிடத்தான் நினைத்திருந்தேன், ஆகவே 'பிணைப்பணத்துக்காகப் பிடித்துவைக்கும் நோக்கம்' எனக்கு இல்லை. நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. ஆனால் 2016இல் கிடைத்த தண்டனை தூக்கு அல்ல. ஆயுளும் மூன்று பிரம்படியும்தான். முதியவர் ஒருவரைக் கடத்தியது எவ்வளவு இழிவானாலும், 1974இல் வகுத்த கோட்டைத் தாண்டும் கொடுமை அதில் இல்லை.

ஆக, தூக்குக்குப் பதிலாகக் கிடைப்பது ஆயுள். அந்த ஆயுள் எவ்வளவு நீளம்?

பல பத்தாண்டுகளாக இதற்கு எல்லாரும் சொன்ன பதில் 20 ஆண்டு. சிறைத்துறையும் அப்படித்தான் கணக்கிட்டது. நன்னடத்தைக்காக மூன்றில் ஒரு பங்கு கழியும் என்பதால், ஒழுங்காக இருக்கும் கைதி ஏறத்தாழ 13 ஆண்டு 4 மாதத்தில் வெளியே வந்துவிடலாம். கைதிகளுக்கு அது தெரியும், வழக்கறிஞர்களுக்கும் தெரியும். 1974இல் தூக்குக்கும் ஆயுளுக்கும் நடுவே நின்று யோசித்த நீதிபதிகளுக்கும் தெரியாமல் இருந்திருக்காது. ஒரு பக்கம் மரணம், மறுபக்கம் 13 ஆண்டு. எத்தனை பெரிய பள்ளம்!

அந்த 20 எங்கிருந்து வந்தது என்பது சுவையான கதை. தண்டனைச் சட்டத் தொகுப்பின் 57ஆம் பிரிவில் அந்த எண் இருக்கிறது. தொகுப்பின் மூலம் 1860ஆம் ஆண்டின் இந்தியத் தண்டனைச் சட்டம். அதைப் பின்பற்றித்தான் நீரிணைக் குடியேற்றங்களுக்கான தொகுப்பு 1871இல் இயற்றப்பட்டது. அந்தக் காலத்தில் ஆயுள் சிறை என்ற சொல்லே இல்லை. 'ஆயுளுக்கும் நாடுகடத்தல்' என்றுதான் இருந்தது. கடல் கடந்து கொண்டுபோய் விடுவது. 1825 முதல் 1873 வரை இந்தியாவிலிருந்து அப்படிக் கொண்டுவரப்பட்ட கைதிகள் சிங்கப்பூரில் இருந்தார்கள். இன்றைய செயின்ட் ஆண்ட்ரூஸ் தேவாலயமும் இஸ்தானா மாளிகையும் அவர்களுடைய உழைப்பில் எழுந்தவை. வாழ்நாள் முழுக்க அனுப்பப்படுகிற ஒரு தண்டனையில் பாதி எவ்வளவு என்று எப்படிச் சொல்வது? குற்றம் செய்ய முயன்று தோற்றவருக்கு முழுத் தண்டனையில் பாதிதான் என்று சட்டம் சொன்னால், ஆயுளில் பாதி என்ன? அந்தப் பின்னக் கணக்குக்காக மட்டும், ஆயுளை 20 ஆண்டாக வைத்துக்கொள்க என்றது 57ஆம் பிரிவு. கணக்குக்காக வைத்த எண் காலப்போக்கில் தண்டனையின் நீளமாகவே ஆகிவிட்டது.

இந்தியாவில் இந்தக் குழப்பத்தை உச்ச நீதிமன்றம் 1961லேயே தீர்த்துவிட்டது. காந்தி கொலை வழக்கில் ஆயுள் தண்டனை பெற்ற கோபால் கோட்சே, கழிவுகளையும் சேர்த்தால் தனக்கு 20 ஆண்டு முடிந்துவிட்டது என்று விடுதலை கேட்டார். ஆயுள் என்றால் இயற்கையான வாழ்நாள் முழுதும் என்றும், 20 என்பது பின்னக் கணக்குக்கு மட்டுமே என்றும் சொல்லி நீதிமன்றம் மறுத்தது. சிங்கப்பூரில் அந்தக் கேள்வி உச்ச மட்டத்துக்கு வர மேலும் 36 ஆண்டுகள் ஆயின. கொண்டுவந்தவர் ஓர் ஆள்கடத்தல் குற்றவாளி.

அவர் பெயர் அப்துல் நாசிர். 1994இல் ஹோட்டல் ஒன்றில் நடந்த கொள்ளையில் ஜப்பானிய சுற்றுப்பயணி ஒருவர் உயிரிழந்தார். அந்த வழக்கில் கொலைக் குற்றச்சாட்டிலிருந்து அவர் விடுவிக்கப்பட்டார். காயம் விளைவித்துக் கொள்ளையிட்டதற்காக 18 ஆண்டுச் சிறையும் 18 பிரம்படியும் கிடைத்தன. அதோடு முடிந்திருந்தால் சட்டப் புத்தகங்களில் அவர் பெயர் இத்தனை முறை வந்திருக்காது. அந்த வழக்குக்காகக் காவலில் இருந்தபோது, சக கைதி ஒருவருடன் சேர்ந்து இரண்டு காவல் அதிகாரிகளைப் பிணையாகப் பிடித்துவைத்துத் தப்பிச் செல்லப் பேரம் பேசினார். இங்கே பணக்கார வணிகர் இல்லை, பணப்பையும் இல்லை. இருந்தாலும் ஆள்கடத்தல் சட்டம் பாய்ந்தது. சட்டத்தின் பார்வையில் பிணைப்பணம் என்பது பணம் மட்டுமல்ல, ஆளை விடுவிக்கக் கேட்கப்படும் எந்தக் கைம்மாறும் அதில் அடங்கும். 1997இல் அவருக்கு ஆயுள் தண்டனையும் 12 பிரம்படியும் கிடைத்தன. பழைய 18 ஆண்டு முடிந்த பிறகுதான் ஆயுள் தண்டனை தொடங்கும் என்றும் நீதிமன்றம் உத்தரவிட்டது. அன்றைய கணக்குப்படி 18உம் 20உம் சேர்த்து 38 ஆண்டு.

அவர் மேல்முறையீட்டில் கேட்டது ஒன்றுதான். இரண்டு தண்டனைகளும் ஒரே சமயத்தில் ஓட வேண்டும். தலைமை நீதிபதி யோங் பங் ஹாவ், நீதிபதிகள் மு. கார்த்திகேசு, எல்.பி. தியன் ஆகியோர் அமர்ந்த மேல்முறையீட்டு நீதிமன்றம் அந்தக் கோரிக்கையை மறுத்தது. ஆனால் அதற்குமுன் ஆயுள் தண்டனையின் பொருளையே அது ஆராய வேண்டியிருந்தது. ஆயுள் என்பது வாழ்நாள் முழுதும் என்றால், 18 ஆண்டு முடிந்த பின் ஆயுள் என்பதற்கு என்ன அர்த்தம் மிஞ்சும்? 20 ஆண்டு என்றால் எந்தச் சட்டப்படி? தேடிப் பார்த்தபோது அப்படிச் சொல்லும் சட்டமே இல்லை. மலேசியாவில் 1953ஆம் ஆண்டுச் சட்டம் ஆயுளை 20 ஆண்டாகக் கொள்ள வேண்டும் என்று வெளிப்படையாகச் சொல்லியிருந்தது. சிங்கப்பூரில் அதற்கு இணையான வரி இல்லை. இருந்தது பழக்கம் மட்டுமே.

1997 ஆகஸ்ட் 20 அன்று தீர்ப்பு வந்தது. ஆயுள் தண்டனை என்றால் கைதியின் எஞ்சிய வாழ்நாள் முழுதும். அடுத்து நீதிபதிகள் செய்ததுதான் இந்தத் தீர்ப்பைத் தனித்துக் காட்டுகிறது. புதிய பொருள் அன்றைய தேதிக்குப் பிறகு நடக்கும் குற்றங்களுக்கு மட்டுமே என்றார்கள். பொதுவாக நீதிமன்றம் ஒரு சட்டத்துக்குப் பொருள் சொன்னால், அது எப்போதும் அப்படித்தான் இருந்தது என்றே கொள்ளப்படும். ஆனால் எத்தனையோ பேர் ஆயுள் என்றால் 20 ஆண்டு என்று நம்பிக் குற்றத்தை ஒப்புக்கொண்டிருக்கிறார்கள். சிறைத்துறையும் அதையே சொல்லி வந்திருக்கிறது. உள்ளே 12 ஆண்டைக் கழித்து, விடுதலையை எண்ணிக் காத்திருக்கும் ஒருவரிடம் போய், இனி நீ சாகும் வரை இங்கேதான் என்று சொல்வது என்ன நியாயம்? செய்த காலத்தில் இருந்ததைவிடக் கூடுதல் தண்டனை பின்னாளில் வரக்கூடாது என்பது அரசமைப்புச் சட்டத்தின் 11ஆம் பிரிவிலேயே இருக்கிறது. முந்திய ஆண்டில் மனோகரன் என்பவரின் போதைப்பொருள் வழக்கிலும் இதே நீதிமன்றம் இப்படி முன்னோக்கி மட்டும் பொருந்தும் வழியைக் கையாண்டிருந்தது.

ஆகவே அப்துல் நாசிருக்கு ஆயுள் 20 ஆண்டாகவே நின்றது. மொத்தம் 38. அவர் பெயரால் அறியப்படும் விதி அவரைத் தொடவில்லை. அவருக்குப் பின்னால் வந்த அத்தனை பேரையும் தொட்டது.

அந்தத் தேதிக்கு முதல் நாள் குற்றம் செய்தவருக்கும் மறுநாள் செய்தவருக்கும் உள்ள வித்தியாசத்தை நினைத்துப் பாருங்கள். ஒருவர் நடுத்தர வயதில் வெளியே வருவார். மற்றவருக்கு அந்த நாள் உறுதியில்லை. 20 ஆண்டு முடிந்ததும் மறுஆய்வு வாரியம் அவருடைய நிலையைப் பரிசீலிக்கும். விடுதலை கிடைக்கலாம், கிடைக்காமலும் போகலாம். கோடு எங்கே போட்டாலும் அதன் இரு பக்கத்திலும் மனிதர்கள் நிற்கத்தான் செய்வார்கள். கோட்டைப் பின்னால் போடாமல் முன்னால் போட்டது சரியான முடிவு. ஆனால் ஒரு கேள்வி மிச்சமிருக்கிறது. இத்தனை பெரிய மாற்றத்தைச் செய்ய வேண்டியது நாடாளுமன்றமா, நீதிமன்றமா? பொருள் சொல்வது எங்கள் வேலை என்பது நீதிபதிகளின் பதில். சட்டத்தின் எழுத்தைப் பார்த்தால் அவர்கள் பக்கம் வலுவானதுதான். ஆனாலும் பல பத்தாண்டுப் பழக்கத்துக்கு ஓர் எடை உண்டு.

மலேசியா வேறு பாதையில் போனது. அங்கே எண்ணை நாடாளுமன்றமே சொன்னது. முதலில் 20, பிறகு அது 30 ஆனது. 2023இல் கட்டாய மரண தண்டனையை ஒழித்தபோது, உயிரிழப்பு ஏற்படாத ஆள்கடத்தல் போன்ற குற்றங்களுக்கு மரண தண்டனையே நீக்கப்பட்டது. ஆயுள் என்ற சொல்லுக்குப் பதிலாக 30 முதல் 40 ஆண்டு வரை என்று எண்ணாகவே எழுதிவிட்டார்கள். மரண தண்டனையும் வாழ்நாள் சிறையும் பெற்றிருந்த பழைய கைதிகளின் தண்டனையை மறுபடி பார்க்கும் அதிகாரம் கூட்டரசு நீதிமன்றத்துக்குத் தனிச் சட்டத்தால் தரப்பட்டது. சிங்கப்பூரில் நீதிமன்றம் 'முன்னோக்கி மட்டும்' என்றது. மலேசியாவில் நாடாளுமன்றம் பின்னோக்கியும் போகலாம் என்றது. அங்கே தண்டனை குறைகிறது என்பதால் அதில் அநீதி இல்லை.

1974இன் வாசகத்துக்கு ஆள்கடத்தலுக்கு வெளியேயும் ஒரு வாழ்க்கை இருந்தது. 2013 ஜனவரி முதல் சிங்கப்பூரில் சில வகைக் கொலைகளுக்கும் தூக்கா ஆயுளா என்று தேர்வு செய்யும் உரிமை நீதிபதிகளுக்குக் கிடைத்தது. எந்த அளவுகோலால் தேர்வது? சட்டத்தில் எழுதியிருக்கவில்லை. அந்தக் கேள்வி சரவாக்கைச் சேர்ந்த கோ ஜாபிங்கின் வழக்கில் எழுந்தது. 2008இல் கேலாங்கில் ஒரு வழிப்பறியின்போது சீன நாட்டுக் கட்டுமான ஊழியர் ஒருவரை அவர் மரக்கிளையால் தலையில் அடித்தார். சில நாட்களில் அந்த ஊழியர் இறந்துபோனார். 2010இல் தூக்கு. சட்டம் மாறிய பிறகு 2013இல் அது ஆயுளும் 24 பிரம்படியுமாகக் குறைந்தது. அரசுத் தரப்பு மேல்முறையீடு செய்தது.

ஐந்து நீதிபதிகள் அமர்ந்தார்கள். அளவுகோலைத் தேடி அவர்கள் போய்ச் சேர்ந்த இடம் சியா ஆ கியூ வழக்கு. சமூகத்தின் உணர்வுகளைக் கொந்தளிக்கச் செய்யும் செயலா? மனித உயிரைத் துச்சமாக மதித்த, கொடூரமான செயலா? அளவுகோலில் அவர்களிடையே பெரிய வேறுபாடு இல்லை. உண்மைகளில்தான் பிளவு. எத்தனை அடி விழுந்தது? அந்த ஊழியர் கீழே விழுந்து கிடந்தபோதும் அடி தொடர்ந்ததா? சாட்சிகள் முன்னால் இல்லை. பதிவும் மண்டையோட்டுக் காயங்களைப் பற்றிய மருத்துவச் சான்றும் மட்டுமே இருந்தன. அதே தாள்களைப் படித்துவிட்டு மூவர் அந்தக் கொடுமை நிரூபணமாகிவிட்டது என்றார்கள். இருவர் நியாயமான ஐயம் இருக்கிறது என்றார்கள்.

2015 ஜனவரி 14 அன்று மூன்றுக்கு இரண்டு என்ற கணக்கில் தூக்குத் தண்டனை திரும்ப வந்தது. 41 ஆண்டுகளுக்கு முன்பு சியா ஆ கியூவையும் கூட்டாளிகளையும் தூக்கு மேடையிலிருந்து இறக்கிய அதே வாசகம், இந்த முறை ஒருவரை மேடையேற்றியது. அடுத்தடுத்த மனுக்களும் தள்ளுபடியான பின் 2016 மே 20 அன்று கோ ஜாபிங் தூக்கிலிடப்பட்டார்.